அபராத விதியை எதிர்த்து மதுரைக்குப் போகுமுன்

தேவகோட்டையில் வக்கீல் குமாஸ்தாவாக இருக்கிறேன். சீடை, தேன்குழல் போட்டு விற்கிறவர்கள், ஆத்தங்குடிக் கல் பட்டறை வைத்திருப்பவர்கள் என்று பலர் நோட்டீஸும் கையுமாக வருவார்கள். எடுத்த எடுப்பில் சொல்வது ஒன்றுதான்: "இந்த விதியே அநியாயம்ண்ணே."

அநியாயமாகவே இருக்கட்டும். உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் அந்தப் பேச்சை எடுக்குமுன் ஒரு கேள்வி வரும்: இந்த விதியால் உங்களுக்கு என்ன ஆயிற்று? பாதிக்கப்பட்டவர் என்ற முறையில் வழக்குப் போடும் இந்தத் தகுதியைத்தான் வக்கீல்கள் லோகஸ் என்பார்கள். பதில் காகிதத்தில் இருக்க வேண்டும். கடை உரிமம், வந்த நோட்டீஸ், அபராத உத்தரவு, கட்டியிருந்தால் ரசீது எல்லாவற்றையும் சேருங்கள். தபால் உறையையும் வையுங்கள். உத்தரவு கைக்குக் கிடைத்த தேதியிலிருந்துதான் பெரும்பாலும் மேல்முறையீட்டுக் கெடு ஓடும்.

அடுத்த கடைக்காரருக்கு விழுந்த அபராதத்துக்காக நீங்கள் போக முடியாது. அவருக்குச் சலுகை கிடைத்தது, என் வியாபாரம் படுத்துவிட்டது என்பதும் மட்டும் போதாது. பக்கத்தில் புதுத் தியேட்டர் வருவதை எதிர்த்து ஒரு தியேட்டர்காரர் தொடுத்த ஜஸ்பாய் மோதிபாய் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத்தான் சொன்னது. 1976-ஆம் ஆண்டுத் தீர்ப்புத் தொகுப்பில் இருக்கிறது, உங்கள் வக்கீலிடம் கேளுங்கள்.

அப்போ அபராதம் விழும்வரை காத்திருக்கணுமா? எப்போதும் வேண்டியதில்லை. விதி அமலுக்கு வந்ததுமே உரிமை பறிபோகிறது என்றால் உடனே போகலாம் என்று கொச்சுண்ணி வழக்கில் 1959-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆனால் சட்டம் வந்துவிட்டது என்பது மட்டும் வழக்குக்குக் காரணமாகாது, அதன் விளைவு உங்களைத் தொட வேண்டும் என்று 2004-இல் குசும் இங்காட்ஸ் தீர்ப்பு சொல்கிறது. இரண்டையும் சேர்த்துப் படித்துவிட்டு முடிவெடுப்பது நல்லது. விதியைப் போட்டது டெல்லி என்றாலும், அது காரைக்குடியில் உங்கள் கடையைத் தொட்டிருந்தால் அரசியலமைப்பின் 226(2) பிரிவின்படி மதுரையிலேயே மனுப் போடலாம்.

பங்காளிகள் பலருக்குப் பொதுவான பெரிய வீட்டுக்கு அபராதம் வந்தால் அத்தனை பேரும் கையெழுத்துப் போட வேண்டும் என்று நினைத்துச் சிலர் பேசாமல் இருந்துவிடுகிறார்கள். மனசு கேட்காது எனக்கு. பங்குள்ள ஒருவர் தன் பங்கு பாதிக்கப்படுகிறது என்று தானே போகலாம். அவர் சிங்கப்பூரில் இருந்தால், தன் சார்பில் வழக்கை நடத்த இங்கே ஒருவருக்குப் பவர் எழுதி அனுப்பலாம். சங்கமாகப் போகிறீர்கள் என்றால் தீர்மானம் போட்டுக்கொண்டு, அபராதம் விழுந்த உறுப்பினர் ஒருவரையும் மனுதாரராகச் சேர்த்துவிடுங்கள்.

பொதுநல வழக்கு என்று போட்டுவிடலாமே என்பார்கள். அது கோர்ட்டுப் படியேற வழியில்லாத ஏழைகளுக்காக 1981-இல் எஸ்.பி. குப்தா தீர்ப்பு அகலத் திறந்த வாசல். சொந்த வியாபாரத்துக்கு அந்த வழி வேண்டாம்.

இன்னொன்றையும் பிரித்துப் பாருங்கள்: தப்பு விதியிலா, அபராதத் தொகையிலா? உணவுப் பாதுகாப்புச் சட்டம் 2006-இல் லேபிள் தப்புக்கு 3 லட்சம் வரை போடலாம். ஆனால் எவ்வளவு லாபம் அடைந்தார், திரும்பத் திரும்பச் செய்தாரா, தெரியாமல் நடந்ததா என்று 49-ஆம் பிரிவின்படி பார்த்தாக வேண்டும். அதைப் பார்க்காமல் தொகை போட்டிருந்தால் அந்தச் சட்டத்திலேயே தீர்ப்பாயம் இருக்கிறது, அங்கே போங்கள். அந்த அபராதத்தைப் போட, விதிக்கு அடிப்படையான மூலச் சட்டமே அதிகாரம் கொடுக்கவில்லை என்றால் ரிட், அதாவது 226-ஆம் பிரிவின்படி உயர் நீதிமன்றத்தில் போடும் மனு. அரசிதழில் வந்த விதியையும் மூலச் சட்டப் பிரிவையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து வரிவரியாகப் படித்துவிட்டு வக்கீலிடம் வாருங்கள், பாதி வேலை முடிந்துவிடும்.

மனுப் போட்டதும் வசூல் நின்றுவிடாது. இடைக்காலத் தடை வேண்டும் என்று தனி மனுவும் சேர்த்தே தாக்கல் செய்யுங்கள். தடை கிடைக்காமல் பணம் கட்ட வேண்டிவந்தால், ஆட்சேபணையோடு கட்டுகிறேன் என்று எழுத்தில் கொடுத்து, நகலில் சீல் வாங்கிக்கொள்ளுங்கள்.