ரிப்போர்ட்டில் 'அக்யூட்' என்று இருந்தால் எப்படிப் படிப்பது?

மருத்துவ ரிப்போர்ட்டில் 'அக்யூட்' என்று பார்த்ததுமே நோய் முற்றிவிட்டது என்று பதறாதீர்கள். திடீரென்று வந்தது, வந்து கொஞ்ச நாள்தான் ஆகிறது என்பதைத்தான் அது பெரும்பாலும் சொல்கிறது; நாலு நாள் இருமலுக்கும் 'அக்யூட் பிராங்கைட்டிஸ்' (மூச்சுக்குழாய் அழற்சி) என்று எழுதுவார்கள், மாதக்கணக்கில் வருடக்கணக்கில் இழுப்பதற்குத்தான் 'கிரானிக்'. கடுமையைத் தெரிந்துகொள்ள, பக்கத்தில் 'மைல்டு', 'சிவியர்' என்று தனியாக ஏதாவது இருக்கிறதா பாருங்கள். அதற்காக அலட்சியமும் வேண்டாம், மாரடைப்பும் அக்யூட்தான். லத்தீன் மூலச்சொல்லுக்குக் கூர்மையானது என்று பொருள், அதனால்தான் கணக்குப் பாடத்தில் 90 டிகிரிக்குக் குறைந்த கூரான கோணத்துக்கும் இதே பெயர், நாம் குறுங்கோணம் என்போம். அப்புறம், தண்ணீர்த் தட்டுப்பாடு பற்றிய ஆங்கிலச் செய்தியில் இந்தச் சொல் வந்தால் அங்கே கடுமை என்பதுதான் பொருள்; தமிழில் சொல்லும்போது தயங்காமல் 'கடும்' என்றே எழுதுங்கள்.