பழைய கணினியில் போர்ட்டை நேரடியாக இயக்கும் டிரைவர்கள்: தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஆம்பூர், ராணிப்பேட்டைப் பக்கத்துப் பட்டறைகளிலும் வேலூரைச் சுற்றியுள்ள பாலிடெக்னிக் ஆய்வகங்களிலும், பிரிண்டர் போர்ட் வழியே ஸ்டெப்பர் மோட்டாரையோ ரிலேவையோ இயக்கும் பழைய மென்பொருளைக் கைவிட மனமில்லாதவர்கள் உண்டு. கணினி பழுதாகி வேறொன்று வாங்கும்போதுதான் அவர்களுக்குச் சிக்கல் தொடங்குகிறது.

விண்டோஸ் 98இல் ஓடிய நிரல் எக்ஸ்பியில் நின்றுவிட்டால் உடனே நிரலைக் குறை சொல்வது முதல் தவறு. 98இல் சாதாரண நிரலே போர்ட்டில் நேரடியாக எழுத முடிந்தது. என்டி வழிவந்த 2000, எக்ஸ்பி ஆகியவற்றிலோ, அனுமதியில்லாத நிரல் அந்தக் கட்டளையை இட்டால் பிராசசர் மறுத்துவிடும், நிரலும் நின்றுவிடும். இந்தத் தடையைத் தாண்டவே கிவ்ஐஓ, யூசர்போர்ட், இன்பவுட்32 போன்ற டிரைவர்கள் (விண்டோஸோடு சேர்ந்து வன்பொருளை இயக்கும் சிறு நிரல்கள்) வந்தன.

இவற்றுள் கிவ்ஐஓவை யோசிக்காமல் நிறுவுவதைத்தான் நான் பெரிய தவறாகக் கருதுகிறேன். அது தன்னைத் திறக்கும் நிரலுக்கு 65,536 போர்ட் முகவரிகளையும் (கணினியின் உறுப்புகளை அணுகும் எண்களையும்) ஒருசேரத் திறந்துவிடுகிறது. 378 (பதினாறடிமான எண்) என்ற பிரிண்டர் போர்ட்டுக்காகக் கேட்ட அனுமதியில் ஹார்டு டிஸ்க் கன்ட்ரோலரின் 1எஃப்0 முகவரியும் அடங்கிவிடுவதால், நிரலில் ஓர் எண் பிசகினாலும் இழப்பு மோட்டாரோடு நிற்காது. தேவையான முகவரி வரம்பை மட்டும் குறிப்பிடச் சொல்லும் யூசர்போர்ட் இவ்வகையில் மேல். ஆனால் இவ்விரண்டும் 32 பிட் விண்டோஸுக்கு உரியவை. 64 பிட்டில் அவற்றை ஏற்ற முயல்வது வீண் வேலை. அங்கே விண்டோஸின் மையப் பகுதியான கர்னலில் ஓடும் டிரைவருக்கு டிஜிட்டல் கையொப்பம் வேண்டும். அதைத் தவிர்க்கக் கையொப்பச் சோதனையையே நிரந்தரமாக அணைத்துவிட்டு, அதே கணினியில் வங்கிக் கணக்கையும் பார்ப்பவர்களுக்கு என்ன சொல்வது! கையொப்பம் இருந்தாலும் கவலை தீர்ந்துவிடாது: இதேபோல் போர்ட்டுகளை அணுக விடும் வின்ரிங்0 என்ற டிரைவரின் பாதுகாப்புக் குறை 2020இலேயே பதிவாகியுள்ளது.

டிரைவர் சரியாக ஏறியும் மோட்டார் அசையாவிட்டால் முகவரியைப் பாருங்கள். மதர்போர்டிலுள்ள பிரிண்டர் போர்ட்டுக்குப் பெரும்பாலும் 378 என்பதே முகவரி. தனியாகச் செருகும் பிசிஐ அட்டையில் அது வேறாக இருக்கும். டிவைஸ் மேனேஜரில் அந்தப் போர்ட்டின் ரிசோர்சஸ் பக்கத்தில் காணும் எண்ணையே நிரலில் இட வேண்டும். நிரல் அதை மாற்ற விடாவிட்டால் அந்த அட்டையால் பயனில்லை. யுஎஸ்பி பிரிண்டர் கேபிளை இதற்கென வாங்கவே வேண்டாம். அது அச்சுப்பொறியோடு பேசுமே தவிர, அதில் இத்தகைய போர்ட் முகவரி கிடையாது.

வயரிங் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். போர்ட்டின் இணைப்பு முனையிலிருந்து (பின், pin) ரிலேவுக்கு நேராக வயர் இழுக்காமல் இடையில் ரிலேவுக்கு வேண்டிய மின்னோட்டத்தைத் தாங்கும் யுஎல்என்2003 போன்ற சிப்பை வைக்க வேண்டும். கணினி தொடங்கும்போது பயாசும் (கணினியைத் தொடக்கிவைக்கும் நிரல்) விண்டோஸும் அந்தப் பின்களை மாற்றி மாற்றி இயக்கக்கூடும் என்பதால், நிரல் முழுமையாக ஏறி எல்லாப் பின்களையும் உரிய நிலைக்குக் கொண்டுவந்த பிறகே மோட்டாரின் மின்சாரத்தைப் போட வேண்டும். நிறுத்தும்போது அதை முதலில் அணைக்க வேண்டும்.