யாழ்ப்பாணத்து எழுத்தாளரைப் படமாக்குதல்

எழுத்தாளர் ஒருவரைப் பற்றி ஆவணப்படம் எடுக்க விரும்புபவர், கமராவைத் தூக்குமுன் அவருடைய நூல்களை முழுமையாக வாசித்திருக்க வேண்டும். யாழ்ப்பாணத்தில் அந்நூல்களைத் தேடுவதே பாதி வேலை. 1981இல் பொதுநூலகம் எரிக்கப்பட்டது. 1995 இடப்பெயர்வில் வீட்டுச் சேகரிப்புகளும் சிதறின. ஆகவே தேடல், 2005இல் தொடங்கப்பட்ட ‘நூலகம்’ இணையத்தளத்தில் ஆரம்பித்து, உறவினர் வீட்டுத் தகரப்பெட்டிவரை நீளக்கூடும். அங்கே கிடைக்கும் கடிதங்களையும் புகைப்படங்களையும் எடுத்துச் செல்லாமல், அவ்வீட்டு விறாந்தையிலேயே, நேர்வெயில் படாத வெளிச்சத்தில் படியெடுத்துக் கொடுத்துவிடுவதே முறை. இரவலாகப் போய்த் திரும்பாத அல்பங்களைப் பற்றிய மனக்குறை இங்கே பல வீடுகளில் உண்டு.

முதற் சந்திப்புக்குக் கமரா வேண்டாம். தேநீர் அருந்தி, அவர் பேச்சின் வேகத்தை அறிந்து வந்தாற் போதும். பதிவின்போது, “எப்போது எழுதத் தொடங்கினீர்கள்?” என்று கேட்பதைவிட, அவருடைய பழைய பக்கமொன்றைக் கையில் கொடுத்து வாசிக்கச் செய்வது பயன்தரும்; வாசிப்பின் நடுவே நின்று அவர் தானாகச் சொல்வதே பெரும்பாலும் படத்தின் உயிராக அமையும். படமாக்கப்படுபவர் எழுத்தாளராக அன்றி, கூத்துப் பழக்கும் ஆசானான அண்ணாவியாராயின், விளக்கம் கேளாமல், மாணவருக்கு ஆட்டம் பழக்குகையில் படமெடுக்க வேண்டும்.

சட்டையில் குத்தும் சிறிய ஒலிவாங்கியான சட்டைமைக் அவசியம். நல்லூர்த் திருவிழாவின் 25 நாட்களில் அச்சுற்றாடலில் ஒலிப்பதிவை வைத்துக்கொள்ளாதிருப்பது நல்லது.

இலங்கைச் சட்டப்படி பதிப்புரிமை ஆசிரியர் இறந்து 70 ஆண்டுகள்வரை நீடிப்பதால், வாரிசுகளின் எழுத்துமூல அனுமதியைப் படத்தொகுப்புக்கு முன்பே பெற வேண்டும்.