மெய்கோ காஜி: ரசிகர்கள் திரும்பத் திரும்பச் செய்யும் தவறுகள்

1973-இல் வந்த ஜப்பானியப் படமான 'லேடி ஸ்னோபிளட்' பற்றி யார் எழுதினாலும் முதல் வரியிலேயே 'சாமுராய்' என்ற சொல் வந்து உட்கார்ந்துகொள்கிறது. அதன் நாயகியான நடிகை மெய்கோ காஜியைப் பற்றிச் சொல்லப்படும் தவறுகளில் என்னை அதிகம் வருத்துவது இதுதான். கிமோனோ இருக்கிறது, வாள் இருக்கிறது, பனியில் ரத்தம் தெறிக்கிறது. அப்படித் தோன்றுவது இயல்பு. ஆனால் அந்தக் கதை நடப்பது சாமுராய் ஆட்சி முடிந்துபோன பிறகு, மெய்ஜி காலத்தில்.

1873-இல் ஜப்பானில் கட்டாய ராணுவச் சேவை வந்தது. அதை விளக்கிய அரசு அறிவிப்பில் 'ரத்த வரி' என்றொரு சொல் இருந்தது. நிஜமாகவே உடம்பிலிருந்து ரத்தம் எடுக்கப்போகிறார்கள் என்று கிராமத்து மக்கள் பயந்துபோனார்கள். பல இடங்களில் கலவரம் வெடித்தது. படத்தின் கதை இந்தப் பயத்திலிருந்துதான் பிறக்கிறது. ஒரு மோசடிக் கும்பல், ராணுவத்திலிருந்து தப்பிக்க வழி செய்வதாகச் சொல்லி ஊராரிடம் பணம் பறிக்கிறது. ஆள்பிடிக்க வரும் அதிகாரிகள் வெள்ளை உடையில் வருவார்கள் என்று ஒரு பேச்சு. அந்த நேரம் பார்த்து வெள்ளை சூட் போட்ட பள்ளி ஆசிரியர் ஒருவர், தன் மனைவியோடும் மகனோடும் ஊருக்குள் வருகிறார். அவரையும் மகனையும் கொன்றுவிடுகிறார்கள். அந்தப் பழியைத் தீர்ப்பதற்கென்றே அந்த மனைவி பின்னர் சிறையில் பெற்றுப்போட்ட பெண்தான் யுகி, காஜி நடித்த நாயகி.

அதே 1873-இல்தான் பழிவாங்கும் கொலைகளுக்கு அரசு சட்டப்படி தடை போட்டது. 1876-இல் பொது இடத்தில் வாள் அணிவதற்கும் தடை வந்தது. அதாவது, முந்தைய தலைமுறை கடமை என்று மதித்த காரியம் யுகியின் காலத்தில் கொலைக்குற்றம். அவள் வாள் குடைப்பிடிக்குள் ஒளிந்திருப்பதை இதை மனதில் வைத்துப் பாருங்கள். பனி கொட்டும் இரவில், ரிக்‌ஷாவில் வரும் ஒரு தாதாவுக்கு எதிரே அவள் குடையோடு தனியாக நடந்து வருகிறாள். பார்ப்பவருக்கு அது குடை மட்டும்தான். படத்தைச் சாமுராய் காலத்தில் வைத்துவிட்டால் அந்தக் காட்சி வெறும் அழகாக மிஞ்சிவிடும்.

பெயரிலும் ஒரு சிக்கல். ஜப்பானியத் தலைப்பு 'ஷுராயுகி ஹிமே'. ஸ்னோ ஒயிட் கதைக்கு அங்கே 'ஷிராயுகி ஹிமே' என்று பெயர், வெண்பனி இளவரசி. ஓர் எழுத்து மாறியதும் வெண்மை போய் 'ஷுரா' வந்துவிடுகிறது. இந்த ஷுரா வேறு யாருமில்லை, பௌத்தத்தோடு சீனம் வழியாக ஜப்பானுக்குப் போன நம் அசுரர்தான். ஓயாமல் போரிட்டுக்கொண்டே இருக்க விதிக்கப்பட்டவர்கள். காஜி பாடிய படத்தின் பாட்டு 'ஷுரா நோ ஹனா'. இதை ஆங்கிலத் தலைப்பிலிருந்து 'படுகொலைப் பூ' என்று தமிழாக்குவது வேண்டாம். 'அசுரப் பூ' என்றாலே போதும், மூலத்துக்குப் பக்கத்தில் நிற்கும்.

அந்தப் பாட்டைப் பலர் முதலில் கேட்டது 2003-இல் வந்த டாரன்டினோவின் ஹாலிவுட் படம் 'கில் பில்' முதல் பாகத்தின் பனித்தோட்டச் சண்டையில். அதில் தப்பில்லை. ஆனால் அங்கிருந்து பின்னோக்கிப் பார்த்து, காஜியை வேறொரு படத்துக்கு முன்மாதிரியாக மட்டும் பேசுவது அநியாயம். 'கில் பில்' வரிசையில் ஒலிக்கும் 'உராமி புஷி'யும் அவர் பாடியதே. 'ஷுரா நோ ஹனா'வையும் இதையும் ஒரே ஜப்பானியப் படத்துப் பாட்டு என்று எழுதிவிடாதீர்கள். 'உராமி புஷி' 1972-இல் தொடங்கிய, காஜி நடித்த 'ஸ்கார்பியன்' சிறைப் படங்களின் பாட்டு.

ஸ்கார்பியன் என்றதும் இன்னொன்று. நாயகி மாட்சு அதிகம் பேசமாட்டாள் என்பதால் 'கண்ணை மட்டும் காட்டினார், நடிக்க வேலையில்லை' என்று சிலர் சொல்கிறார்கள். மூலமான மாங்காவில், அதாவது ஜப்பானியப் படக்கதையில், மாட்சு வாய் கூசாமல் கெட்ட வார்த்தை பேசுகிறவள். அந்த வசனங்களைப் பேச மாட்டேன் என்று சொன்னவர் காஜி. அதிலிருந்து பிறந்ததுதான் அந்த மௌனம். வசனத்தைக் கழித்துவிட்டு நான்கு படங்களைத் தாங்குவது எவ்வளவு பெரிய வேலை!

அவருடைய படங்களை 1970-இலிருந்து மட்டும் தேடுவதும் தவறு. 1947-இல் டோக்கியோவில் பிறந்தவர். ஓட்டா மசாகோ என்ற இயற்பெயரில் 1965-இலேயே நிக்காட்சு நிறுவனத்தில் நடிக்க வந்துவிட்டார். 1969-இல் இயக்குநர் மகினோ மசாஹிரோ படத்தில்தான் பெயர் மாறியது. காஜி என்பது குடும்பப் பெயர், அதனால் ஜப்பானில் காஜி மெய்கோ. 1971-இல் நிக்காட்சு பாலியல் படங்களின் பக்கம் திரும்பியதும் அவர் டோயெய் நிறுவனத்துக்குப் போனார். டோயெய்யின் 'ரெட் பியனி' படங்களில் வாளேந்திய ஃபுஜி ஜுன்கோ திருமணத்துக்காக 1972-இல் சினிமாவை விட்டு விலகியதால் இருவரையும் குழப்பிக்கொள்பவர்கள் உண்டு. காஜி அப்படி விலகவில்லை. 1973 டிசம்பரில் டோயெய்யின் ஸ்கார்பியன் நான்காம் படமும் டோஹோ வெளியிட்ட லேடி ஸ்னோபிளட்டும் ஒரே மாதத்தில் வந்தன.

அப்புறம், 1974-இல் இரண்டாம் ஸ்னோபிளட்டோடு கதை முடிந்தது என்று நிறுத்திவிடுகிறார்கள். 1978-இல் மசுமுரா யாசுசோ இயக்கிய 'சொனேசாகி ஷின்ஜூ'வில் அவர் ஒஹாட்சு. 1703-இல் சிக்காமாட்சு எழுதிய பொம்மலாட்ட நாடகத்திலிருந்து எடுத்த படம் அது. காதலனோடு சாகத் துணியும் கணிகையாக, சண்டை எதுவுமில்லாமல் நடித்து, கினெமா ஜும்போ என்ற சினிமா இதழின் சிறந்த நடிகை விருது பெற்றார்.

சரி, நிஜமாகவே சாமுராய் காலத்து மெய்கோ காஜிதான் வேண்டும் என்றால் தொலைக்காட்சிக்குப் போங்கள். 1989-இல் தொடங்கி 2016 வரை வந்த 'ஒனிஹெய் ஹங்கச்சோ' தொடரின் களம் 18-ஆம் நூற்றாண்டு இறுதி எடோ நகரம், இன்றைய டோக்கியோ. அதில் காஜி ஒமாசா, திருடர் கூட்டத்துக்குள் வளர்ந்து, பிறகு காவல் தலைவருக்காகத் துப்பு சேகரிக்கும் பெண்.