தெக்கோங் ஃபீல்டு கேம்ப்: ஈரத்தை வெல்வது எப்படி

சிங்கப்பூரில் 1967 முதல் தேசிய சேவை கட்டாயம். ராணுவத்துக்குப் போகும் இளையர்களில் பெரும்பாலோர் அடிப்படைப் பயிற்சி பெறுவது புலாவ் தெக்கோங் தீவில். அந்தப் பயிற்சியில் ஆளை அதிகம் வாட்டுவது, குளியலே இல்லாமல் பல நாள் காட்டில் கிடக்கும் ஃபீல்டு கேம்ப். ஓட்டத்தில் முந்துகிறவர்கள்கூட இங்கே நொண்டுவார்கள். காரணம் பெரும்பாலும் ஈரம்தான்.

ஒரு சட்டை, ஒரு கால்சட்டை, ஒரு டி-ஷர்ட், ஒரு ஜோடி காலுறை என்று ஒவ்வொரு நாளின் உடுப்பையும் தனித்தனி ஸிப்லாக் பைகளில் போட்டு, காற்றை அழுத்தி வெளியேற்றி மூடுங்கள். காற்று நின்றால் ஃபீல்டு பேக் உப்பிவிடும், கடைசிப் பொருள் உள்ளே போகாது. எல்லாவற்றுக்கும் உறையாகப் பெரிய குப்பைப் பை ஒன்றைப் பேக்கின் உள்ளே விரியுங்கள். தூங்குவதற்கென்று ஒரு ஜோடி காலுறையை ஒதுக்கி, என்ன நடந்தாலும் பகலில் அதைத் தொடாதீர்கள்.

பவுடர் போடும் முன் ஈரத் திசுவால் துடைத்து, தோல் நன்றாகக் காயும்வரை பொறுங்கள். ஈரத்தோலில் விழுந்த பவுடர் களிம்பாகித் தொடையிடுக்கை உரசிப் புண்ணாக்கும். கால் விரல் இடுக்குகளை விட்டுவிடாதீர்கள். குதிகாலில் சூடாக உரசுவது தெரிந்தால் உடனே பிளாஸ்டர் ஒட்டுங்கள். கொப்புளம் எழும்பிவிட்டால் தோலைக் கிழிக்கக் கூடாது.

ஷெல் ஸ்க்ரேப், அதாவது படுத்துப் பதுங்கும் ஆழமில்லாத குழி, வெட்டும்போது பலரும் நடுவில் தோண்டத் தொடங்குகிறார்கள். குழி கிண்ணம்போல் ஆகி, தோளும் காலும் மேலே நிற்கும். முதலில் படுத்து உடம்பின் அளவைக் கோடு கிழியுங்கள். ஓரங்களை வெட்டி, வேர்களை அறுத்த பிறகு நடுமண்ணை அள்ளுங்கள். பட்டியும் (buddy, உங்கள் ஜோடித் தோழன்) நீங்களும் மாறி மாறித் தோண்டினால்தான் கை தாங்கும். கையுறை அவசியம். அவ்வப்போது படுத்துப் பார்த்து ஆழத்தைச் சரிபாருங்கள்.

பாஷாவை, அதாவது கயிறு கட்டி விரிக்கும் கூடாரத் துணியை, தாழ்வான இடத்திலோ பட்ட கிளைக்குக் கீழோ கட்டாதீர்கள். கயிறு தளர்ந்தால் நடுவில் மழைநீர் தேங்கி இரவில் கொட்டும்.

தாகம் எடுக்கும்வரை காத்திராமல் சிறிது சிறிதாகத் தண்ணீர் குடியுங்கள். சிறுநீர் அடர்மஞ்சளானால் போதவில்லை என்று அர்த்தம். பட்டி உளறினாலோ தள்ளாடினாலோ அது வெறும் களைப்பில்லை, வெப்பத்தாக்குதலாக இருக்கலாம். அந்த நொடியே சார்ஜன்டை அழையுங்கள். கூச்சப்பட்டுத் தாமதித்தால் உயிருக்கே ஆபத்து.

எஸ்ஏஆர் 21 துப்பாக்கி எப்போதும் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கட்டும், தூங்கும்போது வாரைக் கையில் சுற்றிக்கொள்ளுங்கள். எண்ணெயை மெல்லியதாகத் தடவுங்கள். அதிகமானால் மணல் ஒட்டிச் சிக்கும், இல்லாவிட்டால் ஓரிரவிலேயே துரு ஏறும்.

பெற்றோருக்கு: முகாமின்போது வீட்டுக் கடிதத்தைப் பிள்ளைகளிடம் கொடுக்கும் வழக்கம் உண்டு. எழுதச் சொன்னால் தவறாமல் எழுதுங்கள், தமிழிலேயே எழுதுங்கள். வீட்டில் வாய்விட்டுச் சொல்லாததை அங்கே அவன் படிப்பான். தம்பிகளே, அந்தக் கடிதத்துக்கும் ஒரு ஸிப்லாக் பை வேண்டும்.