குணச்சித்திர நடிகையின் திரைவாழ்வைத் தொகுப்பது எப்படி?

கதாநாயகியின் படங்களைத் திரட்டுவது எளிது. சுவரொட்டியிலேயே அவர் பெயர் இருக்கும். நாற்பது ஆண்டுகளாக அம்மா, அத்தை, மாமியார் என்று நடித்துவரும் ஒருவருடைய திரைவாழ்வைத் தொகுக்க வேண்டுமானால், ஒவ்வொரு படத்தையும் நாமே பார்த்தாக வேண்டும்.

முதலில் பெயரைத் தெளிவுபடுத்திக்கொள்ளுங்கள். கோபிசாந்தா மனோரமா ஆனதுபோலப் பெயர் மாறியவர்கள் பலர். எஸ். என். லட்சுமியின் முன்னெழுத்தை விட்டுவிட்டால், அவருடைய படங்கள் கதாநாயகி லட்சுமியின் கணக்கில் போய்ச் சேர்ந்துவிடும்.

படத்தை ஓட்டும்போது தணிக்கைச் சான்றிதழின் தேதியைக் குறித்துக்கொள்ளுங்கள். வெளியான ஆண்டு அதிலிருந்து வேறுபடலாம் என்பதால் அதைத் தனியே சரிபார்க்க வேண்டும். டைட்டிலில் துணை நடிகர்கள் பத்துப் பதினைந்து பேரின் பெயர்கள் ஒரே அட்டையில் நெருக்கியடித்து வந்து மறையும் இடத்தில் படத்தை நிறுத்தி, அவர் எத்தனையாவதாக இருக்கிறார் என்று எழுதுங்கள். அந்தப் பெயர் தனி அட்டைக்கு வந்த படம் எது என்பது எந்த விருதுக்கும் குறையாத செய்தி என்றே கருதுகிறேன். பிரதி கிடைக்காத பழைய படங்களுக்கு, நடிகர் பட்டியலும் கதைச்சுருக்கமும் அச்சான பாட்டுப் புத்தகங்கள் உதவும். சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தில் அவை சேகரிக்கப்பட்டுள்ளன.

படத்தின் பெயருக்குப் பக்கத்தில் பாத்திரத்தின் வயதையும் உறவுமுறையையும் அவசியம் எழுதுங்கள். 'கன்னிப் பருவத்திலே' (1979) படத்தில் கதாநாயகியாக இருந்த வடிவுக்கரசி, 'முதல் மரியாதை'யில் (1985) கடுஞ்சொல் பேசும் மனைவியாகவும், 'அருணாச்சல'த்தில் (1997) கூன் விழுந்த பாட்டியாகவும் வருகிறார். பதினெட்டே ஆண்டுகளில் அவர் கடந்த தூரத்தை, வெறும் படப்பெயர்கள் ஒருபோதும் காட்டமாட்டா.

தொலைக்காட்சித் தொடர்களில் கூடுதல் கவனம் வேண்டும். ஒருவர் விலகிய பிறகும் டைட்டில் பாடலில் அவர் முகம் சில வாரங்கள் தொடரக்கூடும். ஆகவே அவர் நடித்த முதல் எபிசோடையும் கடைசி எபிசோடையும் பார்த்தே எண்களை எழுதுங்கள். 'இவருக்குப் பதில் இவர்' என்ற அறிவிப்பு வந்த நாள் கிடைத்தால் அதையும் சேர்த்துவிடுங்கள். அதோடு, குரல் அவருடையதுதானா, டப்பிங் கலைஞருடையதா என்று கேட்டுப் பார்த்து எழுதினால், குரல் கொடுத்தவருக்கும் அந்தப் பதிவில் இடம் கிடைக்கும்.