கைக்குழந்தைக்கு மருந்து ஒவ்வாமை: அறியும் விதமும் செய்ய வேண்டியவையும்

மருந்து கொடுத்தபின் குழந்தையின் உடலில் தடிப்பு தெரிந்தால், தோலைப் பார்ப்பதற்கு முன் மூச்சைக் கவனியுங்கள். இழைப்பு, மூச்சுத் திணறல், நாக்கு வீக்கம், கம்மிய அழுகை, தடிப்புடன் சேர்ந்த தொடர் வாந்தி, வெளிறித் துவண்டுபோதல் ஆகியவற்றுள் ஒன்று தென்பட்டாலும் உடனே சிங்கப்பூரின் அவசர மருத்துவ வாகன எண்ணான 995ஐ அழைக்க வேண்டும். இத்தகைய கடும் ஒவ்வாமை பெரும்பாலும் சில நிமிடங்களிலிருந்து இரண்டு மணி நேரத்திற்குள் வெளிப்படும். அழும் பிள்ளையைத் தோளில் நிமிர்த்திப் போட்டுக்கொண்டு நடப்பது நம் வழக்கம். அந்த நேரத்தில் அது ஆபத்து. இரத்த அழுத்தம் மேலும் குறையக்கூடும் என்பதால் குழந்தையைக் கிடத்தியே வைத்திருக்க வேண்டும். வாந்தி எடுத்தால் ஒருக்களித்துப் படுக்கவைக்கலாம். உயிர்காக்கும் மருந்து அட்ரினலின் ஊசிதான். வீட்டில் மீந்திருக்கும் அரிப்பு மருந்து அதற்கு ஈடாகாது.

பெனிசிலின் வகையைச் சேர்ந்த அமாக்சிசிலின் போன்ற நுண்ணுயிர்க்கொல்லியைத் தொடங்கிச் சில நாள்கள் கழித்துத் தோன்றும் செம்புள்ளிகள் வேறு வகை. குழந்தை நன்றாகப் பால் குடித்து விளையாடினால், அவை காய்ச்சலைத் தந்த கிருமியின் விளைவாகவே இருக்கக்கூடும். ஆனாலும் அடுத்த வேளை மருந்தைக் கொடுக்கும் முன் மருத்துவரைக் கேட்டுவிடுவது நல்லது. கொப்புளம், வாய்ப்புண், கண் சிவப்பு, தோல் உரிதல் ஆகியவை இருந்தால் 'அம்மை போட்டிருக்கிறது' என்று வீட்டில் காத்திராமல், கேகே மகளிர், சிறுவர் மருத்துவமனையின் சிறுவர் அவசரப் பிரிவு போன்ற இடத்திற்கு உடனே செல்ல வேண்டும்.

வெறும் வயிற்றுப்போக்கு பெரும்பாலும் பக்கவிளைவே, ஒவ்வாமை அன்று. இந்த வேறுபாடு சிறிதாகத் தோன்றலாம். ஆனால் 'பெனிசிலின் ஒவ்வாமை' என்று ஒருமுறை பதிவாகிவிட்டால், நல்ல மருந்து ஒன்று பல ஆண்டுகளுக்குக் கைவிட்டுப் போகிறது. அவ்வாறு குறிக்கப்பட்ட பிள்ளைகளுள் பெரும்பாலோருக்குச் சோதனையில் ஒவ்வாமை இல்லையென்றே தெரியவருகிறது. ஆகவே மருந்து கொடுத்த நேரம், அளவு, தடிப்பு தோன்றிய நேரம் ஆகியவற்றைக் குறித்து, மறைவதற்குள் அதைப் படமெடுத்து வையுங்கள். இங்கு மருத்துவரைப் பார்க்கும் மருந்தகங்களிலேயே மருந்தும் தருவதால், பெயர்ச்சீட்டுள்ள அந்தப் புட்டியையும் எடுத்துச் செல்லுங்கள். பாட்டி உரைத்துக் கொடுத்த வசம்பு, கிரைப் வாட்டர் எதையும் மருத்துவரிடம் மறைக்க வேண்டாம்.

ஒவ்வாமை உறுதியானால், மருந்தின் பெயரைப் பாலர் பராமரிப்பு நிலையத்திற்கும் குழந்தையைப் பார்த்துக்கொள்ளும் பணிப்பெண்ணுக்கும் எழுதிக் கொடுங்கள். ஒரே மருந்து பல வணிகப் பெயர்களில் விற்கப்படுவதால், அதன் மூலப்பெயரையே எழுத வேண்டும்.